மலை தெரிகிறது, கரை தெரியவில்லை
'சொங் ஒஃப் சிலோன்' ஆவணப்படம் குறித்து

மருதமுனையில் கைத்தறி நெய்யும் காக்கா ஒருவரோடு சேர்ந்து அண்மையில் 'சொங் ஒஃப் சிலோன்' பார்த்தேன். பஸில் ரைட் என்ற ஆங்கிலேயர் இயக்கி 1934இல் வெளிவந்த படம். ஏறத்தாழ 40 நிமிடம். தயாரிப்பாளர் ஜோன் கிரியர்சன். பணம் தேயிலைப் பிரசார சபையினுடையது. நான்கு சிறு விளம்பரப் படங்களாகக் கேட்கப்பட்டது, ஒரே படமாக முடிந்தது.

சிவனொளிபாத மலை ஏறும் கூட்டத்தைப் பார்த்ததும் காக்கா கேட்டார்: "தம்பி, எங்கட ஆக்களும் இந்த மலைக்குப் போறதச் சொல்றானா?"

அந்தப் பகுதியின் தலைப்பே 'புத்தர்' என்றேன்.

இப்னு பதூதா 1344இல் ஏறிய மலை அது. நமக்கு அது பாவா ஆதம் மலை. கெமராவுக்கு அந்தப் பெயர் தெரியாது.

படத்தைக் குறைத்து மதிப்பிட நான் எழுதவில்லை. 'வணிகத்தின் குரல்கள்' என்ற மூன்றாம் பகுதி இன்றும் சுடுகிறது. திரையில் யானை மரத்தைச் சாய்க்கிறது, மனிதர் தென்னையில் ஏறுகிறார். காதிலோ சந்தை விலையும் வியாபாரக் கடிதமும் விழுகின்றன. உழைப்பவன் ஓரிடத்தில், விலை பேசுபவன் வேறிடத்தில். தேயிலைக்காரரின் காசிலேயே இதைச் சொன்னது சின்ன விஷயமல்ல.

குறை வேறிடத்தில் இருக்கிறது. பின்னணியில் லயனல் வென்ட் வாசிப்பது ரொபர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் பகுதிகளை. நொக்ஸ் 1660இல் பிடிபட்டது நம் கிழக்கில், கொட்டியாரக் குடாவில். எழுதியதோ பெரும்பாலும் கைதியாய் வாழ்ந்த கண்டி இராச்சியத்தைப் பற்றி. அவர் கண்ணைக் கடன் வாங்கிய படத்திலும் கிழக்குக் கரை முஸ்லிம் வாழ்வுக்கென்று ஒரு பகுதி இல்லை. இது வன்மம் என்று நான் சொல்லமாட்டேன். யாருடைய நூலைப் பிடித்துக்கொண்டு நாட்டைப் பார்க்கிறோமோ, அவர் போன வழியில்தான் கெமராவும் போகும்.

பிறகு கெமரா நம்மிடமும் வந்தது, 2004 டிசம்பர் 26க்குப் பின். கல்முனைக்குடியிலும் சாய்ந்தமருதிலும் அழுத முகங்களை எடுத்தது. எடுக்க வேண்டியதுதான். ஆனால் அழாத நாட்களிலும் நாம் வாழ்ந்தோமே! கரைவலை இழுப்பதையும், கடற்கரைப் பள்ளியில் கொடி ஏறுவதையும், தறியின் முன் ஒரு முழுப் பகல் கழிவதையும் பொறுமையாய் இருந்து பார்த்த படம் ஒன்றைக் காட்டு என்றால் என் கையில் இல்லை.

ஹம்ஃப்ரி ஜெனிங்ஸும் ஸ்டூவர்ட் மெக்அலிஸ்டரும் 1942இல் 'லிசின் டு பிரிட்டன்' எடுத்தார்கள். போர்க்காலம். ஆனாலும் தொழிற்சாலைப் பாட்டு, பள்ளிக்கூட முற்றத்தில் ஆடும் பிள்ளைகள், பகல்நேர இசைக் கச்சேரி. 20 நிமிடத்தில் ஒரு சனத்தின் மூச்சு கேட்கிறது. காட்சிகளுக்கு விளக்கவுரை கிடையாது. தம் சனத்தைத் தாமே பார்த்ததால் அது கைகூடியது என்பேன்.

நம் பிள்ளைகளின் கையில் இப்போது கெமரா இருக்கிறது. கல்யாண வீட்டுக்குப் போகும் அது தறிக் கொட்டிலுக்கும் போகட்டும். படம் முடிந்ததும் காக்கா சொன்னது இவ்வளவுதான்: "என்ட தறிச் சத்தத்தயாவது எடுத்து வைங்க தம்பி. எனக்குப் பொறகு புள்ளயள் நெய்யமாட்டாங்க."