குற்றாலத்துக் குறிஞ்சி

குற்றாலநாதர் மேல் சம்பந்தர் பாடிய முதல் திருமுறைப் பதிகத்துக்குப் பண் குறிஞ்சி. மலையடிவார ஊருக்கு எவ்வளவு பொருத்தம்! இன்று ஓதுவார்கள் அதை அரிகாம்போதியில் பாடுகிறார்கள்.

ஆர்மோனியத்தில் ஐந்தாம் கட்டையைச் சட்ஜமாக வைத்து, வெள்ளைக் கட்டைகளை மட்டும் வரிசையாக அழுத்திப் பாருங்கள், அரிகாம்போதி வந்துவிடும். சங்கராபரணத்திலிருந்து நிஷாதம் ஒன்றுதான் வேறு. அது அரைச்சுரம் இறங்கிக் கைசிகியாக நிற்கும். உருக்கமெல்லாம் அந்த இறக்கத்தில்தான்.

இடைக்கால ஐரோப்பிய மடாலயங்களில் துறவிகள் ஏழாம் மோடாகப் பாடிய மிக்சோலிடியனும் இதே சுர வரிசைதான். அங்கே சுரங்கள் நேராக நடக்கும். இங்கே கமகத்தோடு அசைந்து வரும். குற்றாலத்தின் இன்னொரு பதிகமான திருக்குறும்பலாப் பதிகமோ காந்தாரப் பண், நவரோசில் ஒலிக்கும்.

சாரல் சீசனில் அருவிக்கு வருகிறவர்களே, தலை துவட்டியதும் கோயிலுக்குள் போய், இரண்டு பதிகங்களையும் கேட்டுவிட்டு ஊர் திரும்புங்கள்.