காகிதமில்லாத பெண்களின் சரித்திரம்

சரித்திரம் கைவிட்ட ஸ்திரீகளைத் திரையில் மீட்டெடுக்கும் பிரயத்தனங்களுள் உத்தமமானது எதுவெனக் கேட்டால், சரித்திர ஆசிரியராக நெடுங்காலம் பணியாற்றிப் பின்னர் காமிராவின் துணையை நாடிய உமா சக்கரவர்த்தி, 2010-இல் எடுத்த 'எ கொயட் லிட்டில் என்ட்ரி' என்னும் படத்தையே சொல்வேன். பதினொரு வயதில் மணமாகி, கல்வித் தாகம் தணியாமலே மறைந்த சுப்புலட்சுமியின் நாட்குறிப்புகளை, அவருடைய பேத்தியும் பொதுவுடைமை இயக்கத் தலைவியுமான மைதிலி சிவராமன் காப்பாற்றி நூலாக்கியிருந்தமையால்தான் அது சாத்தியமாயிற்று. மேடையேறாத ஒருத்தி எதைப் படித்தாள், எதற்கு ஏங்கினாள் என்பதும் சரித்திரமே என்று அப்படம் நிலைநாட்டியது பெரிய காரியம்.

பம்பாயில் 1988-இல் நம் எழுத்தாளர் அம்பையும், நீரா தேசாயும், மைத்ரேயி கிருஷ்ணராஜும் தொடங்கிய 'ஸ்பாரோ' ஆவணக் காப்பகம் இன்னும் ஒருபடி மேலே சென்று, பெண்களின் குரலையும் முகத்தையுமே ஆவணமாக்கியது. பேச்சின் நடுவே வந்துவிழும் மௌனம் எந்த அச்சுப் புத்தகத்தில் ஏறும்?

ஆயினும், இம்மரபு பெரும்பாலும் கடிதமும் புகைப்படமும் உள்ள வீட்டிலேயே தொடங்குகிறது என்பது என் மனத்தை உறுத்துகிறது. பம்பாயின் நடுத்தர வகுப்புத் தமிழர் வாழும் மாதுங்காவில் அவை அகப்படும். திருநெல்வேலிச் சீமையிலிருந்து தோல் பதனிடும் தொழிலுக்கு வந்தவர்கள் குடியேறிய, அதே நகரத்தின் தாராவிக் குடிசைப் பகுதியில், மழைநீர் புகும் ஒற்றை அறைக்குள் எந்தப் பெண் எதைச் சேமித்திருப்பாள்? இருட்டோடு எழுந்து, மாவூற்றி, வெந்த இட்லியை அலுமினியப் பாத்திரத்தில் அடுக்கி, ஆணின் தலையில் ஏற்றிவிடும் அவளுடைய உழைப்பால் மாநகரம் பசியாறுகிறது. நகரம் அறிந்ததோ ஹாரன் அழுத்தி வரும் இட்லிக்காரரை மட்டுமே.

குடிசை இடிப்பைப் பற்றி ஆனந்த் பட்வர்தன் 1985-இல் எடுத்த 'ஹமாரா ஷஹர்' படத்தில், எங்களைப் படம்பிடித்துப் பேர் வாங்கவே வந்திருக்கிறாய் என்று ஒரு பெண் அவரையே சாடுகிறாள். அதை வெட்டாமல் வைத்தது அவருடைய நேர்மை. அந்தச் சாடலுக்குப் பதில், அவள் துயரத்தை மட்டுமன்றித் தொழிலையும், மொழிபெயர்ப்பாளரின் குரலால் மூடாமல் அவள் தமிழிலேயே பதிவுசெய்து, முதலில் அவள் தெருவிலேயே திரையிடுவதாகத்தான் இருக்க முடியும்.

மறுசீரமைப்புக்காகத் தாராவியில் 2024-இல் தொடங்கி வீடுவீடாகக் கணக்கெடுத்து, 2000-ஆம் ஆண்டுக்கு முன் குடியிருந்தமைக்குச் சான்று கேட்டார்கள். எந்தச் சான்றிலும் அடுப்படித் தொழிலுக்கு இடமில்லை. அதைச் சொல்லக்கூடிய பாட்டிமார் அங்கே இன்னும் இருக்கிறார்கள்.