ஆக்கியோன் பெயர் அறிந்த நாட்டுப்பாடல்

நாட்டுப்புறப் பாடலுக்கு இலக்கணம் வகுக்கப் புகுந்தோர் பலரும் முதற்கண் கூறுவது, அதனை ஆக்கியோர் இன்னார் எனத் தெரியலாகாது என்பதே. தொல்காப்பியர் சுட்டும் பண்ணத்தியோடு இவ்வகைப் பாடல்களை இணைத்துக் காண்போரும் பெரும்பாலும் இக்கொள்கையினர். அன்னகாமு, கி.வா. ஜகந்நாதன், நா. வானமாமலை முதலியோர் தேடித் தொகுத்தளித்த பாடல்கள் இவ்விலக்கணத்துள் அடங்குவன. அத்தொகுப்புகளுக்குத் தமிழுலகம் பெரிதும் கடப்பாடுடையது. ஆயினும் ஏட்டில் ஏறிய பாட்டு வாய் மூடிய பாட்டேயன்றோ? அதற்கு மீண்டும் வாய் தந்தவர்களுள் முனைவர் கே.ஏ. குணசேகரன் தலையாயவர். வியப்பு என்னவெனில், அவர் பெயரை நாடறியச் செய்த பாடல் மேற்கூறிய இலக்கணத்துக்கு முற்றும் மாறானது. அதனை ஆக்கியவர் யார் என்பது அனைவர்க்கும் தெரியும்.

குணசேகரன் இன்றைய சிவகங்கை மாவட்டத்து மாரந்தையில் 1955-இல் பிறந்தார். 2005-இல் வெளிவந்த 'வடு' என்னும் அவருடைய தன்வரலாறு, பேச்சுத் தமிழிலேயே எழுதப்பட்ட சிறு நூல். முஸ்லிம்கள் மிகுதியாக வாழும் இளையான்குடியில் சாதியின் சுமை உணராது திரிந்த சிறுவன், உறவினர் வாழும் சிற்றூர்களுக்குச் சென்றபோதெல்லாம் அச்சுமையைத் தலைமேற் கொள்ள நேர்ந்ததை அந்நூல் காட்டுகிறது. அழுகையோ ஆரவாரமோ அதில் இல்லை. பாடகரின் வரலாற்றை அறிய விரும்புவோர் முதலில் படிக்கத்தக்கது அதுவே. புதுவைப் பல்கலைக்கழகத்தின் சங்கரதாஸ் சுவாமிகள் நிகழ்கலைப் பள்ளியில் பேராசிரியராக விளங்கியதும், 'பலி ஆடுகள்' என்னும் நாடகம் யாத்ததும், உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநர் பொறுப்பேற்றதும் பின்னை நிகழ்ச்சிகள். 2016 சனவரியில் மறைந்தார்.

இனி அப்பாடலுக்கு வருவோம். 'மனுசங்கடா' என்பது கவிஞர் இன்குலாப் எழுதியது. இன்குலாப் கீழக்கரையினர், சென்னை புதுக்கல்லூரியில் தமிழ் கற்பித்தவர். கவிஞரும் பாடகரும் ஒரே இராமநாதபுரத்து வறண்ட சீமையின் மக்கள் என்பது கருதத்தக்கது. ஒடுக்கப்பட்டோர் தாமும் மாந்தரே என்று கூறுவது அப்பாடலின் பொருள். இதனினும் எளிய பொருள் ஒன்று இருத்தல் இயலாது. பின் அதன் ஆற்றல் எங்கே உள்ளது? என் கருத்தில், ஈற்றிலுள்ள 'டா' என்னும் ஓரெழுத்தில் உள்ளது. தலைமுறை தலைமுறையாக மேலிருந்து கீழ்நோக்கி எறியப்பட்ட விளி அது. வயலிலும் தெருவிலும் சுரங்கத்திலும் அதனைக் கேட்டுக் கேட்டுப் பழகிய செவிகள் எத்தனை! அவ்விளியைக் கீழிருந்து மேல்நோக்கித் திருப்பிவிட்டார் கவிஞர். குணசேகரனின் கணீரென்ற குரல் அதனை வசையாக்காமல் இசையாக்கியது. ஒருகணம் பிறழ்ந்திருந்தால் அது வெறும் ஏசலாக முடிந்திருக்கும்.

"இது நாட்டுப்பாடல் ஆகுமா? மெட்டமைத்த கவிதைதானே?" என வினவுவோர் உளர். இவ்வினாவுக்கு விடையாகக் கடல்கடந்த ஒரு செய்தியைக் கூறலாம். அமெரிக்க நாட்டுக் கெண்டக்கி மாநிலத்து நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் மகன் மெர்ல் டிராவிஸ். இசைத்தட்டு நிறுவனம் நாட்டுப்பாடல்கள் வேண்டுமெனக் கேட்க, 1946-இல் அவர் தாமே சில பாடல்களைப் புதிதாக எழுதிப் பாடிப் பதிவு செய்தார். சுரங்கத் தொழிலாளியின் தீராக் கடனைப் பற்றிய 'சிக்ஸ்டீன் டன்ஸ்' அவற்றுள் ஒன்று. பின்னர் அது நாட்டுப்பாடலாகவே மக்கள் வாயில் நிலைத்தது. பிறந்த இடத்தால் அன்று, சென்று தங்கிய வாயால்தான் ஒரு பாட்டு நாட்டுப்பாடலாகிறது. 'மனுசங்கடா'வும் அவ்வாறே. ஆக்கியோனையும் பாடியோனையும் கருதாமலே கூட்டங்களில் அதனைப் பாடுவோர் பலர். 2017-இல் அம்ஷன் குமார் தம் திரைப்படத்துக்கு அதனையே பெயராக இட்டார்.

சாம்பியன் ரீப்ஸ் மக்களுக்கு இக்கருத்து புதிதன்று. வடஆர்க்காட்டுப் பகுதியிலிருந்து இங்கு வந்த சுரங்கத் தொழிலாளருள் பெரும்பாலோர் இதே ஒடுக்குமுறையை அறிந்தவர்கள். அயோத்திதாசப் பண்டிதர் 1907-இல் தொடங்கிய 'தமிழன்' இதழ், அவர் மறைவுக்குப் பின் ஜி. அப்பாதுரையாரால் இத்தங்கவயலிலிருந்துதான் நடத்தப்பெற்றது. நாமும் மாந்தரே என்னும் வழக்கு இங்கு உரைநடையில் முன்னரே வாதிடப்பட்டுவிட்டது. அவ்வழக்குக்குப் பண் அமைந்த காலம் குணசேகரன் காலம். மேலும் அவர் நகரத்துப் பாடல்களையும் 'நகர்சார் நாட்டுப்புறப் பாடல்கள்' எனத் தனித்து ஆராய்ந்தவர். ஊருமாகாது நகருமாகாது லைன் வீடுகளில் வளர்ந்த நம்மனோர்க்கு அந்நோக்கு மிகவும் உகந்தது.

குறை கூறாது விடுதல் திறனாய்வு ஆகாது. அதே சிவகங்கைச் சீமை தந்த மற்றொரு குரல் கொல்லங்குடி கருப்பாயி அம்மையாருடையது. வானொலியில் பாடி, 1985-இல் 'ஆண்பாவம்' படத்தின்வழித் திரைக்கும் வந்து, 2025-இல் மறைந்தவர். அவ்வம்மையார் பாடும்போது, தன்னைப் பிறர் கேட்கின்றனர் என்பதையே பாட்டு அறியாதது போல் இருக்கும். குணசேகரன் பாடும்போது பாட்டுக்கு அது நன்கு தெரியும். அவர் ஆய்வாளர்; மேடையறிந்தவர்; எதிரே யார் அமர்ந்துள்ளார் என்பதை ஒருபோதும் மறவாதவர். போர்க்குணம் வாய்ந்த பாடல்களில் இது பெருவலிமை. தாலாட்டுக்கும் ஏற்றப்பாட்டுக்கும் ஓரளவு இடையூறே.

இன்னொரு குறை அவரைச் சார்ந்ததன்று, ஒலிநாடாவைச் சார்ந்தது. பக்கத்துக்கு அரைமணி நேரமே கொள்ளும் அந்நாடா, பாட்டைக் கத்தரித்தே ஏற்றுக்கொள்ளும். தன்னானே கலைக்குழுவோடு அவர் மேடையேறுகையில் அவையோர் முகம் நோக்கி அடிகள் நீளும், சுருங்கும். திருப்பிப் பாடுவோர் குரல் ஓங்க ஓங்கப் பறையும் விரையும். நாடாவில் பாட்டு ஒருமுறை நின்ற இடத்திலேயே என்றும் நிற்கும். ஆயினும் அந்நாடாக்கள் இல்லையேல் அவர் கால்படாத ஊர்களில் அக்குரல் சென்றிராது. மேடைக்கு அழைக்க வசதியற்ற சேரிகளிலும் தேநீர்க் கடைகளிலும் நாடா ஓடியது. கேட்டோர் மனனம் செய்து, தம் ஊர்ப் பேச்சுக்கு ஏற்பச் சொற்களை மாற்றிப் பாடினர். பதிவில் உறைந்த பாட்டு அங்கே மீண்டும் இளகியது. அவரோடு மேடைகளில் பாடிய சின்னப்பொண்ணு பின்னாளில் திரையிலும் பெரும்புகழ் பெற்றார். அவ்வம்மையார் அடியின் இறுதியை உயர்த்தி நிறுத்தும் இடங்களில், கூர்ந்து கேட்பின், அந்தப் பழைய மேடையின் பழக்கம் தெரியும்.