நினைவும் சாட்சியும்

சுயசரிதை விஷயத்தில் இரண்டு கட்சிகள் உண்டு. நடந்ததை நடந்தபடி சொல்வது அது என்பது ஒன்று. நினைவே புனைவு, ஆகவே சுயசரிதையும் நாவலும் ஒன்றுதான் என்பது மற்றது. இரண்டுமே பிரச்னையைத் தட்டிக்கழிப்பதாக எனக்குப் படுகிறது.

உ.வே.சாமிநாதையர் 'என் சரித்திர'த்தை 1940-ல் ஆனந்த விகடனில் தொடங்கியபோது அவருக்கு 85 வயது நெருங்கிக்கொண்டிருந்தது. கும்பகோணத்தில் சேலம் இராமசுவாமி முதலியாரை முதலில் சந்தித்த நாளை 21-10-1880, வியாழக்கிழமை என்று குறிக்கிறார். அன்றைய பேச்சைக் கேள்வியும் பதிலுமாகவே தருகிறார். அறுபது வருஷத்துக்கு முந்திய பேச்சு சொல்லுக்குச் சொல் யாருக்கும் நினைவிருக்காது. அங்கே கற்பனை வேலை செய்திருக்கிறது, சந்தேகமில்லை. மேலும், முடிவு தெரிந்தவர் சொல்லும் ஆரம்பம் அது. சீவக சிந்தாமணி 1887-லேயே அச்சேறிவிட்டது. இந்த மாதிரி இடத்தில்தான் நினைவு நம்மை ஏமாற்றும். அன்றே எல்லாம் உணர்ந்த தீர்க்கதரிசியாக நம்மை ஆக்கிவிடும்.

உ.வே.சா. அதற்கு இடம் கொடுக்கவில்லை. படித்த அந்தாதிகளையும் பிள்ளைத்தமிழ்களையும் கோவைகளையும் தாம் அடுக்கிய பெருமிதம், முதலியார் அவற்றை ஒரு பொருட்டாகவே கொள்ளாதது, சிந்தாமணியைத் தாம் படித்திராதது மூன்றும் அப்படியே நிற்கின்றன. வசனங்கள் கற்பிதமாக இருக்கலாம். அந்தச் சிறுமை கற்பிதமல்ல. தனக்கு எதிராகச் சாட்சி சொல்லும் நினைவை எழுதுகிறவன் அழிக்காமல் விட்டிருக்கிறானா? சுயசரிதையின் உண்மைக்கு என் அளவுகோல் இதுதான்.

எங்கள் திண்டுக்கல் பக்கத்து வத்தலக்குண்டில் வளர்ந்த சி.சு.செல்லப்பாவும் ஏறக்குறைய அதே வயதில்தான், 1997-ல், 'சுதந்திர தாக'த்தை மூன்று பாகங்களாகக் கொண்டுவந்தார். போராட்டத்தில் சிறை சென்றவர். 'நான்' என்று சொல்ல முழு உரிமை உள்ளவர். ஆனாலும் நாவல் என்றே பெயரிட்டார். அடக்கம் என்பார்கள். அடக்கந்தான். ஆனால் இதில் ஒரு இழப்பும் இருக்கிறது. நாவலைப் பார்த்து 'இது நடந்ததா?' என்று வாசகன் கேட்க முடியாது. 'நம்பும்படி இருக்கிறதா?' என்று மட்டுமே கேட்கலாம். மறந்த இடத்தை நிரப்பிக்கொள்ளும் உரிமை நாவலாசிரியனுக்கு உண்டு. கூச்சமான இடத்தை வேறொரு பாத்திரத்தின் தலையில் ஏற்றிவிடும் உரிமையும் உண்டு. செல்லப்பா அப்படிச் செய்தார் என்று நான் சொல்லவில்லை. வடிவம் அதை அனுமதிக்கிறது என்கிறேன். 'நான்' என்று எழுதுகிறவன் முதல் உரிமையைக் கொஞ்சம் எடுத்துக்கொள்ளலாம். இரண்டாவது அவனுக்குக் கிடையாது.

சுயசரிதை எழுதும் நம் எழுத்தாளர்களின் ஞாபகசக்தியில் எனக்குச் சந்தேகம் எதுவும் இல்லை. அவர்கள் தோற்ற இடம் ஒன்றாவது இருக்கிறதா என்றுதான் பக்கம் பக்கமாகத் தேடிக்கொண்டிருக்கிறேன்.