திரைக்குப் பின் நின்றவர்

எம்மூர்க் கோயில்களிற் குழல்விளக்கின் கண்ணாடிமேலும் உபயகாரரின் பெயரை எழுதிவைப்பர். எழுத்துப் பெருத்து ஒளி குறைந்தாலும் அதனை எவரும் குற்றமாகக் கொள்வதில்லை. திரைப்படத்திலோ நிலைமை மறுதலை. பொருளிட்டவரின் பெயர் வெண்டிரையில் முன்னே தோன்றினும் அதனைப் படிப்பார் இலர். படமுதலாளி என்றதும் பணப்பை ஒன்றே நம் மனக்கண்முன் நிற்கின்றது. என் வகுப்பு மாணாக்கர் சென்னை நடிகரையெல்லாம் அறிவர்; கே. குணரத்தினம் என்னும் பெயரை அவருள் ஒருவரேனும் கேட்டறிந்திலர்.

ஈழத்துத் திரைப்பட வரலாற்றை நோக்குவார்க்கு இம்மறதி வியப்பளிக்கும். 1928 ஆம் ஆண்டிற் சிலோன் தியேட்டர்ஸ் நிறுவனத்தைத் தொடக்கிய சேர் சிற்றம்பலம் காடினர் தமிழர். 1947 இல் வெளிவந்த முதற் சிங்களப் பேசும்படமாகிய ‘கடவுணு பொறொந்துவ’வைத் தயாரித்த எஸ். எம். நாயகமும் தமிழரே, அப்படம் பிடிக்கப்பட்டதும் மதுரையிலாம். இவ்வரிசையிற் சினிமாஸ் லிமிற்றெட் அதிபராகிய குணரத்தினத்தை இங்கு எடுத்துக்கொள்வதற்குக் காரணம் உண்டு. தயாரிப்பாளர் ஒருவரின் தெரிவும் திறனாய்வுக்குரிய பொருளே என்பதை அவர் தொழில் நன்கு காட்டுகின்றது.

அவர் தயாரித்த ‘சுஜாதா’ 1953 இல் வெளியாயிற்று. ‘படி பஹன்’ என்னும் இந்திப் படத்தின் தழுவல் அது. வசூலிற் பெருவெற்றி ஈட்டிற்று. இஃதொன்றையே கொண்டு தீர்ப்புக் கூறின், சந்தையின் சுவையறிந்த வணிகர் என்பதற்கு மேல் அவரைப்பற்றிச் சொல்வதற்கு ஒன்றுமில்லை.

ஆயின் 1956 இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் ‘ரேகாவ’வை ஆக்கினார். கலையகத்தை விட்டுக் கிராமத்து வெளியிற் பிடித்த படம் அது. கான் திரைப்பட விழாவரை சென்றது. ஊர்க் கொட்டகைகளிலே தோற்றது. தோற்ற நெறியாளரிடம் மீண்டும் பணத்தை ஒப்புவிப்பார் யார்? ‘சுஜாதா’வால் இலாபம் கண்ட அவ்வணிகரே முன்வந்தார். போர்த்துக்கேயர் காலத்துக் கிளர்ச்சியைக் கதையாகக் கொண்ட ‘சந்தேசய’ 1960 இல் வெளிவந்து மக்களின் ஆதரவைப் பெற்றது. திறனாய்வாளர் பலர் ‘ரேகாவ’விலிருந்து 1963 இன் ‘கம்பெரலிய’வுக்கு ஒரே தாவலாகத் தாவி, இடைநின்ற ‘சந்தேசய’வை வணிகத்துக்குக் கொடுத்த விலையெனக் கழித்துவிடுவர். யான் அவ்வாறு கருதுகின்றிலேன். குதிரையும் துப்பாக்கியும் பாட்டும் அதில் உள்ளனதாம். ஆயினும் வெளிப்புறப் படப்பிடிப்பிற் பிடிவாதமுடைய கலைஞனையும் கொட்டகையிற் கூட்டம் வேண்டும் முதலாளியையும் ஒருங்கே நிறைவிக்கும் கதையைத் தெரிந்தமை எளிய செயலன்று. தோல்வியுற்ற கலைஞன் தொழிலை விட்டகலாதபடி காத்த படம் அது. அக்காப்பிலே தயாரிப்பாளர்க்கும் பங்குண்டு. படத்தை முடித்தாற் போதாது. திரையிடக் கொட்டகையும் வேண்டும். 1972 இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் அமையும்வரை இறக்குமதியும் காட்சியும் பெரும்பாலும் மூன்று கொம்பனிகளின் கையில் இருந்தன. அவற்றுள் ஒன்று அவருடையது.

இவ்விடத்திலேதான் என் குறையும் பிறக்கின்றது. சென்னையிற் செய்து முடித்த தமிழ்ப் படத்தின் பிரதியை வாங்கிக் காட்டுதல் மலிவு. ஈழத்திலே புதிதாய் ஒன்றை ஆக்குதல் பெருஞ்செலவு. பார்வையாளர் தொகையும் சிறிது. கணக்கு சரியானதே. ஆனால் ‘ரேகாவ’வின் தோல்விக்குப் பின் அதன் நெறியாளரை அழைத்தபோதும் கணக்கு எதிராகவன்றோ நின்றது? அன்று கணக்கை மீறிய துணிவு 1950களிலே தமிழ்ப் படத்தின்பாற் செல்லவில்லை. ஈழத்துத் தமிழ்ப் படங்கள் 1960களிலேதான் தோன்றத் தொடங்கின. 1972 இல் ‘குத்துவிளக்’கைத் தயாரித்த வீ. எஸ். துரைராசா கொட்டகை அதிபர் அல்லர், கட்டடக் கலைஞர். பின்னாளில் யாழ்ப்பாணப் பொது நூலகத்தின் மீள்நிர்மாணத்திலும் அவர் கை இருந்தது. வலியுடையார் தொடாததை வலி குன்றியவர் தொட்டனர் என்றே எழுதவேண்டியுள்ளது.

குணரத்தினத்தை இதற்காக மட்டும் நிறுத்துப் பார்த்தல் நேர்மையாகாது. சிங்களத் திரைக்கு இத்துணை செய்த அவருடைய ஹெந்தளை விஜயா கலையகம் 1983 யூலைக் கலவரத்திலே தீக்கிரையாக்கப்பட்டது. பழைய சிங்களப் படங்கள் பலவற்றின் மூலச்சுருள்களும் அத்தீயில் அழிந்தன. எரித்தவர்கள் எரித்தது தங்கள் மொழியின் படங்களையே. அதன் பின்னும் அவர் நாட்டை விட்டகன்றாரல்லர். 1989 இற் கொழும்பிலே சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் தெரிவுகளை ஆராயப் புகுவார்க்கு இனி எஞ்சிய பிரதிகளே சான்று.