விக்டோரியாக் காலத்தைக் களமாகக் கொண்ட புதினங்களில் பெண்ணுரிமையும் காதலும்

1. நோக்கம்

வரலாற்றுப் புதினம் இறந்த காலத்தைக் களமாகக் கொண்டு நிகழ்கால மக்களுக்காக எழுதப்படுவது. ஆதலின் அதன்கண் கதைமாந்தர் வாழும் காலமும் ஆசிரியர் வாழும் காலமும் உடன் நிற்கின்றன. இரண்டும் தத்தம் இயல்பு கெடாமல் நிற்குமாயின் நல்ல புதினம் பிறக்கின்றது. ஆசிரியர் காலம் கதைமாந்தர் காலத்தை விழுங்கிவிடுமாயின், பழைய உடை அணிந்த இக்காலக் கதையே எஞ்சுகின்றது.

விக்டோரியா அரசியார் ஆண்ட 1837 முதல் 1901 வரையுள்ள காலம் ஆங்கில வரலாற்றுப் புதினங்களுக்குப் பெரிதும் பயன்பட்ட களமாகும். அக்களத்தில் எழுந்த புதினங்கள் பலவற்றின் தலைவி, தன்னுரிமையையும் காதலையும் ஒருங்கே நாடுபவளாக இருக்கின்றாள். இன்று மிகுதியாக வெளிவரும் பொழுதுபோக்குக் காதற் புதினங்களில் இந்நாட்டம் எளிதாக நிறைவேறிவிடுகின்றது. தலைவி துணிவுடையவள்; தலைவன் பரந்த உள்ளம் உடையவன்; அவள் விரும்பியவாறு வாழ அவன் இசைகின்றான்; கதை மணத்தில் முடிகின்றது. கற்பார் உள்ளம் மகிழ்கின்றது. ஆயினும் இம்முடிவு அக்காலத்துக்கு உண்மையானதா என வினவுதல் திறனாய்வாளர் கடமையாகும். அவ்வினாவுக்கு மூன்று புதினங்களின் வழி விடை காண முயல்வதே இக்கட்டுரை.

2. களத்தை வகுத்த சட்டம்

தமிழ் அகப்பொருள் இலக்கணத்தார் பாடற்பொருளை முதல், கரு, உரி என மூவகைப்படுத்தினர். நிலமும் பொழுதும் முதல்; அந்நிலத்தில் தோன்றும் உணவு, தொழில் முதலியன கரு; மாந்தரின் ஒழுக்கம் உரி. உரிப்பொருளே சிறந்ததாயினும், முதலும் கருவும் அதற்கு நிலைக்களமாக அமைகின்றன. வரலாற்றுப் புதினத்தை ஆராய்வார்க்கும் இப்பகுப்பு பயன்படும். ஆண்டும் ஊரும் அதன் முதற்பொருள். அக்காலத்துச் சொத்துமுறை, தொழில், சட்டம் ஆகியவற்றை அதன் கருப்பொருள் எனக் கொள்ளலாம். காதல் உரிப்பொருள். கருப்பொருளைப் புறக்கணித்து உரிப்பொருளை மட்டும் பாடும் புதினம் எந்நிலத்திலும் வேரூன்றாது.

விக்டோரியாக் காலத்தின் முற்பகுதியில் இங்கிலாந்தின் பொதுச் சட்டம் கணவனையும் மனைவியையும் ஒருவராகவே கருதியது. அவ்வொருவர் கணவரே ஆவர். மணமான அன்றே பெண்ணின் பணமும் அணிகலனும் அவள் ஈட்டும் கூலியும் கணவனுக்கு உரியவாயின. நிலமாயின் அதன் வருவாய் அவன் கையிற் சேர்ந்தது. அவள் தன் பெயரால் ஒப்பந்தம் செய்யவோ வழக்குத் தொடுக்கவோ இயலாது. செல்வர் வீட்டுத் தந்தையர் திருமணத்துக்கு முன்பே பொறுப்பாளரை அமர்த்தி, மகளுக்கெனத் தனிச் சொத்து ஒதுக்கிவைக்க வழியிருந்தது. அவ்வாறு செய்ய ஆளில்லாத பெண்ணுக்குக் காவல் ஏதும் இல்லை.

ஈண்டுக் கருதத்தக்கது ஒன்றுண்டு. மணமாகாத பெண்ணும் கைம்பெண்ணும் சொத்துடைமையில் ஆடவரைப் போன்றே முழு உரிமை பெற்றிருந்தனர். மணம் புரியும் பெண்ணே அவ்வுரிமையை இழந்தாள். எனவே தன்னுரிமையும் காதலும் ஒன்றையொன்று பகைத்தமைக்குப் பெண்ணின் மனப்பாங்கு காரணமன்று. சட்டமே அவற்றைப் பகையாக்கியது. 1854-இல் பார்பரா லீ ஸ்மித் இச்சட்டங்களைத் தொகுத்துச் சிறு நூலாக வெளியிட்டார். 1856-இல் நாடாளுமன்றத்துக்கு அனுப்பப்பெற்ற விண்ணப்பத்தில் எலிசபெத் காஸ்கெல், எலிசபெத் பாரெட் பிரௌனிங் முதலிய எழுத்தாளர் கையொப்பமிட்டனர். 1870-ஆம் ஆண்டுச் சட்டம் மனைவியின் உழைப்பூதியத்தை அவளுக்கே உரியதாக்கியது. 1882-ஆம் ஆண்டுச் சட்டம் அவள் சொத்து முழுவதையும் அவளுடையதாக ஏற்றது.

3. அக்காலத்தார் கண்ட வழி

பிற்காலத்தார் எழுதியவற்றை அளக்குமுன், அக்காலத்தாரே எழுதியவற்றை நோக்குதல் நலம். 1847-இல் வெளிவந்த சார்லட் பிராண்டியின் 'ஜேன் அயர்' புதினத்தில், தலைவி தன் சிற்றப்பனிடமிருந்து இருபதாயிரம் பவுன் பெறுகின்றாள். அதனை உறவினர் மூவரோடு சமமாகப் பகிர்ந்துகொள்கின்றாள். தனக்கென ஐயாயிரம் வைத்துக்கொண்டு, எவர் தயவையும் வேண்டாதவளாக ராச்செஸ்டரிடம் திரும்புகின்றாள். பிறர் வீட்டிற் கூலிக்கு உழைத்தவள் தன் காலில் நின்று காதலனை அடைவது கற்பார்க்கு நிறைவளிக்கின்றது. ஆயினும் அக்காலச் சட்டப்படி நோக்கின், தனிப் பொறுப்பில் ஒதுக்கப்படாதவிடத்து அவ்வையாயிரம் மணநாளிலேயே ராச்செஸ்டருக்கு உரியதாகிவிடும். புதினம் இதனைக் கூறாது செல்கின்றது.

சார்லட்டின் தங்கை ஆன் பிராண்டி கூறாது செல்லவில்லை. 1848-இல் அவர் எழுதிய 'வைல்ட்ஃபெல் மாளிகைக் குடியிருப்பாள்' என்னும் புதினத்தில் ஹெலன் கொடிய கணவனை விட்டு நீங்கி, ஓவியம் தீட்டிப் பிழைக்க எண்ணுகின்றாள். அதை அறிந்த கணவன் அவளுடைய திறவுகோல்களைப் பறித்துக்கொள்கின்றான். ஓவியக் கருவிகளைத் தீயில் இடுகின்றான். கற்பார்க்கு இது கொடுமையாகத் தோன்றும். ஆனால் அக்கருவிகள் சட்டப்படி அவனுடையனவே. தன் பொருளையே அவன் எரித்தான். கணவனின் தீய குணத்தோடு அக்குணத்துக்குத் துணைநின்ற சட்டத்தையும் காட்டியதே ஆனின் பெருமை எனலாம்.

4. ஜீன் ரீஸ்: உரிமையிழந்த காதல்

டொமினிக்காத் தீவிற் பிறந்த ஜீன் ரீஸ் 1966-இல் 'வைட் சர்காசோ சீ' என்னும் புதினத்தை வெளியிட்டார். 'ஜேன் அயர்' கதையில் மாடியறையில் அடைபட்டுக் கிடந்த பைத்தியக்காரிக்கு இளமையும் ஊரும் குரலும் அளித்தது இந்நூல். மேற்கிந்தியத் தீவுகளில் அடிமைமுறை ஒழிந்த பின்னர், வீழ்ந்துபோன பண்ணைக் குடும்பம் ஒன்றிற் பிறந்தவள் ஆன்டுவனெட். இங்கிலாந்திலிருந்து வந்த ஓர் இளைஞனுக்கு அவளை மணம் முடிக்கின்றனர். முப்பதாயிரம் பவுன் எவ்வகை வரையறையும் இன்றி அவனிடம் தரப்படுகின்றது. அவளுக்கெனத் தனியே எதுவும் ஒதுக்கப்படவில்லை. அத்தை கோரா ஒருத்தியே இதனை எதிர்த்து வாதிடுகின்றாள். பயனில்லாமற் போகவே, தன் மோதிரங்களை ஆன்டுவனெட்டிடம் மறைவாகக் கொடுக்கின்றாள்.

கணவன் அன்பு மாறியபோது, வளர்த்த தாய் போன்ற கிறிஸ்டோஃபின், அவனை விட்டுப் போய்விடுமாறு அறிவுரை கூறுகின்றாள். தனக்கென ஒரு காசும் இல்லை என்றும், தன்னுடையன யாவும் அவனுடையன ஆகிவிட்டன என்றும், அதுவே ஆங்கிலச் சட்டம் என்றும் ஆன்டுவனெட் விடை தருகின்றாள். கிறிஸ்டோஃபின் எவரையும் மணவாதவள். தன் பணத்தைத் தானே வைத்திருப்பவள். ஒருகால் செல்வக் குடும்பத்தில் பிறந்த மனைவி வழியின்றி நிற்க, அக்குடும்பத்தில் ஊழியம் செய்தவள் தன்னுரிமையோடு நிற்கும் இம்முரண் புதினத்தின் உயிர்நிலை ஆகும்.

சட்டம் அடைத்த வாயிலை ஆன்டுவனெட் மருந்தால் திறக்க முயல்கின்றாள். கணவன் அன்பை மீட்க வசிய மருந்து வேண்டுகின்றாள். அம்மருந்து பகையையே வளர்க்கின்றது. பொருளைக் கொண்டவன் பின்னர் அவள் பெயரையும் மாற்றிப் 'பெர்த்தா' என அழைக்கின்றான். இறுதியில் அவள் உடலும் பூட்டிய அறைக்குள் அடைபடுகின்றது. பொருள், பெயர், உடல் என்னும் இம்முறைவைப்பைக் கூர்ந்து நோக்குக. பொருள் பறிபோன நாளிலேயே பின்னையவும் பறிபோதற்கு வழி பிறந்துவிட்டது.

5. ஜான் பௌல்ஸ்: காதலை மறுத்த உரிமை

1969-இல் ஜான் பௌல்ஸ் எழுதிய 'பிரெஞ்சு லெப்டினன்ட்ஸ் உமன்' 1867-இல் லைம் ரீஜிஸ் என்னும் கடற்கரையூரில் தொடங்குகின்றது. அவ்வாண்டு மே 20-இல் ஜான் ஸ்டூவர்ட் மில் பெண்களுக்கும் வாக்குரிமை வேண்டி நாடாளுமன்றத்தில் கொணர்ந்த திருத்தம், 73 வாக்குகள் ஆதரவும் 196 வாக்குகள் எதிர்ப்புமாகத் தோல்வியுற்றது. பௌல்ஸ் இக்களத்தைத் தேர்ந்துகொண்டமை தற்செயலன்று.

தலைவி சாரா உட்ரஃப் கல்வியால் தன் குடிநிலைக்கு மேலே உயர்ந்தவள், செல்வத்தால் உயராதவள். பிரெஞ்சுக் கடற்படையாளன் ஒருவனால் கைவிடப்பட்டவள் என்னும் பழியைத் தானே விரும்பிச் சுமக்கின்றாள். வேறொருத்திக்கு உறுதி செய்யப்பட்டிருந்த சார்லஸ் அவள்பால் ஈர்க்கப்படுகின்றான், அவள்பொருட்டு அம்மணவுறுதியை முறிக்கின்றான், அவளோ மறைந்துவிடுகின்றாள். ஈராண்டளவில் அவன் அவளை லண்டனில் ஓவியர் ரோசெட்டியின் இல்லத்திற் காண்கின்றான். அங்கே அவள் தன் உழைப்பால் வாழ்கின்றாள். எத்துணை அன்புடைய கணவனாயினும் மனைவி இன்னவாறு மாற வேண்டும் என அவன் எதிர்பார்ப்பான் என்றும், தான் தானாகவே இருக்க விரும்புவதாகவும் கூறி மணத்தை மறுக்கின்றாள். இதன்பின் பௌல்ஸ் இரண்டு முடிவுகளைத் தருகின்றார். ஒன்றில் இருவரும் தம் குழந்தையோடு ஒன்றுசேர்கின்றனர், மற்றொன்றில் பிரிகின்றனர்.

சாராவை விளங்காப் புதிர் என்பாரும், மனநோயுற்றவள் என்பாரும் உளர். கதைக்குள்ளேயே மருத்துவர் குரோகன் அவ்வாறே எண்ணுகின்றார். ஆயினும் மேற்கூறிய சட்டத்தை நினைந்து நோக்குவார்க்கு அவள் மறுப்பு எளிதில் விளங்கும். 1870-ஆம் ஆண்டுச் சட்டம் அப்போது இன்னும் பிறக்கவில்லை. சார்லஸை மணந்த அன்றே ரோசெட்டி இல்லத்தில் அவள் ஈட்டும் ஊதியமும் அவனுக்கு உரியதாகும். சார்லஸ் நல்லவன், அவன் அதை எடுத்துக்கொள்ளாமலும் இருக்கலாம். ஆனால் அது அவன் நற்குணத்தைப் பொறுத்தது. பிறர் நற்குணத்தைப் பொறுத்து நிற்பதை உரிமை என்றல் பொருந்தாது.

பௌல்ஸ் இக்காரணத்தைச் சாராவின் வாயில் வைத்தாரல்லர். அவர் நாட்டம் மனித விடுதலை பற்றிய இருபதாம் நூற்றாண்டு மெய்யியலிற் சென்றது. மேலும், சாராவின் உள்ளத்தைத் தாம் அறியார் என்று பதின்மூன்றாம் அதிகாரத்தில் கதைகூறுவோர் ஒப்புக்கொள்கின்றார். படைப்புமாந்தரின் உரிமையை மதிக்கும் பணிவாக இதனைப் பாராட்டுவர். ஆனால் சார்லஸின் உள்ளத்துள் அவர் தடையின்றிப் புகுகின்றார். ஆடவன் உள்ளம் திறந்த ஏடாகவும் பெண்ணுள்ளம் மூடிய ஏடாகவும் அமைவது குறையே. சாரா உரிமை பெறுகின்றாள். தன் கதையைத் தானே கூறும் உரிமையை மட்டும் பெறவில்லை.

6. சாரா வாட்டர்ஸ்: எழுதுகோல் பெற்ற பெண்

அக்குறையை நிரப்பியது 2002-இல் சாரா வாட்டர்ஸ் எழுதிய 'பிங்கர்ஸ்மித்' எனக் கூறலாம். இப்புதினம் 1862-இல் தொடங்குகின்றது. லண்டன் திருடர் குடியில் வளர்ந்த சூவும், பிரையர் மாளிகையில் மாமனிடம் வளர்ந்த மாடும் ஒருவர் மாறி ஒருவர் தம் கதையைத் தாமே உரைக்கின்றனர். மாடுக்கு உரிய செல்வம் அவள் மணந்தாலன்றிக் கைக்கு வாராது. மணந்தாலோ கணவன் கைக்கே செல்லும். எனவே ஒரு வஞ்சகன் அவளை மணந்து, பொருளைக் கவர்ந்து, பைத்திய மனையில் அடைக்கத் திட்டமிட்டு, சூவைப் பணிப்பெண்ணாக அனுப்புகின்றான். கதையின் திருப்பங்கள் யாவும் இவ்வொரு சட்டநிலையிலிருந்தே பிறக்கின்றன. கருப்பொருளே கதையை நடத்துதற்கு இதனினும் சிறந்த எடுத்துக்காட்டு அரிது.

சூவுக்கும் மாடுக்கும் இடையே தோன்றும் காதல் சட்டத்தின் கண்ணுக்குப் புலப்படாதது. ஆதலின் அக்காதலால் ஒருத்தியின் பொருள் மற்றொருத்தியிடம் செல்வதில்லை. சட்டம் அக்காதலுக்கு யாதொரு காவலும் தரவில்லை. ஆனால் அதன் பெயரால் எதனையும் பறிக்கவும் இல்லை. ஆயினும் ஆசிரியர் அதனைத் தூய காதலாகப் புனையவில்லை. இருவரும் ஒருவரையொருவர் வஞ்சிக்கின்றனர். பொருளாசையும் அச்சமும் அன்போடு கலந்தே நிற்கின்றன.

இறுதியில் மாடு தனித்த மாளிகையில் எழுதிப் பிழைக்கின்றாள். இளமையில் அவளை வற்புறுத்திப் படிக்கச் செய்த இழிந்த நூல்களைப் போன்றவற்றையே எழுதி ஊதியம் பெறுகின்றாள். அடிமைப்படுத்திய தொழிலே விடுதலைத் தொழிலாதல் முறையோ என ஒருவர் வினவலாம். அவ்வினா தகுதியுடையதே. ஆயினும் அக்காலத்தில் தனித்து வாழ விரும்பிய பெண் தூய கருவிகளையே தேடியிருப்பின் வாழ்ந்திருத்தல் அரிது. முன்பு பிறர் கேட்கப் படித்தவள் இப்போது தன்பொருட்டு எழுதுகின்றாள். அவ்வேறுபாடு சிறிதன்று. சூ அவளைத் தேடிச் செல்லுமிடத்துத் தன்னுரிமையும் காதலும் ஒரு கூரையின் கீழ்க் கூடுகின்றன.

7. முடிவு

இதுகாறும் ஆராய்ந்தவற்றால் பெறப்படுவன இவை. ரீஸ் படைத்த பெண் காதலின்பொருட்டு உரிமையை இழந்து, பின் இரண்டையும் இழந்தாள். பௌல்ஸ் படைத்த பெண் ஒரு முடிவில் உரிமையின்பொருட்டுக் காதலை விடுத்தாள். வாட்டர்ஸ் படைத்த பெண்கள் சட்டம் எட்டாத ஓரிடத்தில் இரண்டையும் பெற்றனர். அதற்குப் பெரும் விலை கொடுத்தனர். மூவரும் விலையை மறைக்கவில்லை என்பதே இவர்தம் நூல்களின் பொதுச் சிறப்பு.

பரந்த உள்ளம் உடைய கணவனைப் பரிசாக அளிக்கும் புதினங்கள் இவ்விலையை மறைக்கின்றன. அவை தீய நூல்கள் அல்ல, இளைப்பாறுதல் தருவன. ஆனால் அவை, பெண்களின் அன்றைய இன்னலுக்குத் தீய கணவரே காரணம் என்றும், நல்லவனைத் தேர்ந்திருப்பின் குறையில்லை என்றும் கற்பார் நம்புமாறு செய்துவிடுகின்றன. நல்ல கணவர் அன்றும் பலர் இருந்தனர். ஆயினும் சட்டத்தை மாற்ற விண்ணப்பம் தேவைப்பட்டது. 1856 முதல் 1882 வரை இருபத்தாறு ஆண்டுகள் போராட்டமும் தேவைப்பட்டது. அப்போராட்டத்தை வேண்டாததாக்கிக் காட்டும் கதை, போராடியவர்க்கு நீதி செய்வதாகாது.

ஆதலின் இத்தகைய புதினங்களை ஆராயப் புகும் மாணவர், தலைவியின் துணிவை அளப்பதற்கு முன் அவள் கையிலுள்ள பொருள் யாருடையது, கதவின் திறவுகோல் யாரிடம் உள்ளது, கதையைக் கூறும் குரல் யாருடையது என்னும் மூன்றையும் ஆராய்தல் வேண்டும். இம்மூன்றற்கும் விடை தெரிந்த பின்னரே அவள் கண்ட காதல் எத்தன்மையது எனத் துணிய இயலும்.