கிரானிட்டா: அவசரப்படாமல் ஒரு கரண்டி

எலுமிச்சையும் புதினாவும் சேர்த்து உறையவைத்துச் சுரண்டிய பனித்துகள் இனிப்பான கிரானிட்டாவின் முதல் கரண்டியை வாயில் வைத்ததும் கடிக்காதீர்கள். முதலில் குளிர்ச்சி, அடுத்து எலுமிச்சையின் புளிப்பு, பனித்துகள் உருக உருகத்தான் புதினா மணமும் இனிப்பும். கடும் குளிரில் நாக்குக்கு இனிப்பு மங்கலாகத்தான் தெரியும். உருகும்போதுதான் சுவை முழுதாகத் திறக்கிறது. அள்ளி விழுங்குபவருக்கு இதில் பாதி கிடைக்காமலே போய்விடும்.

அதனால்தான் உறையவைக்கும் முன் கலவையைச் சுவைத்துப் பார்க்கும்போது சற்றுத் தூக்கலாகவே இனிக்க வேண்டும். அரை லிட்டர் தண்ணீரில் 150 கிராம் சர்க்கரையைச் சூடாக்கிக் கரையுங்கள். அளவைக் குறைத்தால் இனிப்பு மட்டுமல்ல, பதமும் போகும். கலவை பாறையாக இறுகிவிடும். அடுப்பை அணைத்த பிறகே ஒரு கைப்பிடி புதினாவைக் கசக்கிப் போட்டுக் கால்மணி நேரம் மூடி வையுங்கள். கொதிக்கவிட்டால் மணம் ஆவியோடு போய், வெந்த கீரை வாசம்தான் மிஞ்சும். நன்றாக ஆறியதும் வடிகட்டி, 120 மில்லி எலுமிச்சைச் சாறு ஊற்றுங்கள். ஒரு பழத்தின் மேல்தோலையும் லேசாகத் துருவிச் சேருங்கள். பழத்தின் உயிரான மணம் தோலின் எண்ணெயில்தான் இருக்கிறது. உள்ளே உள்ள வெள்ளைப் பகுதி மட்டும் வரக் கூடாது, கசக்கும்.

அகலமான எவர்சில்வர் தட்டில் ஊற்றி ஃப்ரீசரில் வையுங்கள். முக்கால் மணி நேரத்தில் ஓரங்கள் உறையத் தொடங்கும். முள்கரண்டியால் சுரண்டி நடுவே தள்ளுங்கள். அரைமணிக்கு ஒருமுறை இப்படிச் செய்தால், மூன்று மணி நேரத்தில் தட்டு நிறைய ஈரமும் மினுமினுப்புமான துகள்கள் இருக்கும். ஐஸ்கிரீமின் வழவழப்பை இதில் தேட வேண்டாம். நாக்கில் நறநறக்கும் இந்தத் துகள்களே கிரானிட்டாவின் அழகு என்பேன். இரவு முழுக்க வைத்து இறுகிவிட்டாலும் கவலையில்லை. பத்து நிமிடம் வெளியே வைத்து மறுபடி சுரண்டுங்கள்.

கிரானிட்டா இத்தாலியின் சிசிலித் தீவுக்கு உரியது. ஃப்ரீசர் இல்லாத காலத்தில் எட்னா எரிமலையின் பனியைச் சேமித்து வைத்துக் கோடையில் பயன்படுத்தினார்கள். அங்கே எலுமிச்சை கிரானிட்டா கோடையின் காலைச் சிற்றுண்டியும்கூட. உச்சியில் சிறு கொண்டை வைத்த பிரியோஷ் ரொட்டியைப் பிய்த்து அதில் தோய்த்துச் சாப்பிடுவார்கள். பிரியோஷ் கிடைக்காவிட்டால் லேசாகச் சூடாக்கிய பன் போதும். குவளையின் அடியில் தேங்கும் சாற்றை அதில் ஒற்றியெடுங்கள். புதினா மணம் அங்கேதான் அடர்த்தி.